மதனத்தூரில் முடியும் சாலை
ஜெயங்கொண்டம் வழியே செல்லும் ஒரு மாநில நெடுஞ்சாலையை வகுப்பறையில் வாசிப்பது

விருத்தாசலம் – ஜெயங்கொண்டம் – மதனத்தூர் சாலை. அரியலூர் மாவட்டத்தின் வழியே செல்லும் ஒரு மாநில நெடுஞ்சாலையின் பெயர் இது. பெயரில் உள்ள மூன்று ஊர்களில் முதலாவது ஒரு ரயில் சந்திப்பு, பெரிய கோயில் நகரம். இரண்டாவது நகராட்சி, சுற்றுவட்டார ஊர்களுக்கெல்லாம் சந்தை. மூன்றாவதான மதனத்தூர் கொள்ளிடக் கரையில் உள்ள ஒரு சிற்றூர். தா.பழூரைத் தாண்டிச் சென்றால் வரும்.

ஒரு மாநில நெடுஞ்சாலை ஏன் ஒரு சிற்றூரில் போய் முடிய வேண்டும்? வகுப்பில் இந்தக் கேள்வியைக் கேட்டால் அந்தப் பக்கத்துப் பிள்ளைகள் உடனே பதில் சொல்லிவிடுவார்கள்: “அங்கே ஆறு இருக்குது சார்.” அந்த ஒரு வரி பதிலுக்குள் புவியியல், வரலாறு, குடிமையியல் மூன்றும் அடங்கியிருக்கின்றன. அதை விரித்துச் சொல்லவே இந்தக் கட்டுரை. ஜெயங்கொண்டத்துக்கு எழுதப்பட்டாலும், இதே முறையில் எந்த ஊர் ஆசிரியரும் தம் பள்ளி வாசலில் போகும் சாலையை எடுத்துக்கொள்ளலாம்.

ஆற்றோடு போகும் சாலை, ஆற்றைக் கடக்கும் சாலை

ஜெயங்கொண்டத்தில் இரண்டு முக்கியச் சாலைகள் சந்திக்கின்றன. ஒன்று திருச்சி – சிதம்பரம் சாலை. லால்குடி, கல்லக்குடி, கீழப்பழுவூர், உடையார்பாளையம் வழியாக ஜெயங்கொண்டம் வந்து, கங்கைகொண்ட சோழபுரம், மீன்சுருட்டி, காட்டுமன்னார்கோவில் வழியாகச் சிதம்பரம் செல்கிறது. மேற்கிலிருந்து கிழக்கே போகும் சாலை இது. முன்பு தேசிய நெடுஞ்சாலை 227 என்று இருந்தது, இப்போது தேசிய நெடுஞ்சாலை 81.

மற்றொன்று நாம் எடுத்துக்கொண்ட மாநில நெடுஞ்சாலை. வடக்கே விருத்தாசலத்தில் தொடங்கி, வெள்ளாற்றைத் தாண்டி, ஆண்டிமடம் வழியாக ஜெயங்கொண்டம் வருகிறது. அங்கிருந்து தெற்கே தா.பழூர், மதனத்தூர். ஆற்றுக்கு அக்கரையில் தஞ்சாவூர் மாவட்டத்து நீலத்தநல்லூர். அதற்கும் தெற்கே கும்பகோணம்.

நில வரைபடத்தை மேசையில் விரித்து விருத்தாசலம், ஜெயங்கொண்டம், கும்பகோணம் மூன்றையும் பிள்ளைகளையே தேடச் சொல்லுங்கள். மூன்றும் 79 பாகை 20 நிமிடத் தீர்க்கக்கோட்டை ஒட்டி ஏறத்தாழ ஒன்றன்கீழ் ஒன்றாக இருப்பதைக் கண்டுபிடிப்பார்கள். அட்சக்கோடு, தீர்க்கக்கோடு பாடத்துக்கு இதைவிட அருகில் உள்ள எடுத்துக்காட்டு கிடைக்காது.

அடுத்து ஆறுகளை நீல நிறத்தில் வரையச் சொல்லுங்கள். இந்தப் பகுதியில் வெள்ளாறு, கொள்ளிடம், காவிரி எல்லாமே மேற்கிலிருந்து கிழக்கே கடலை நோக்கிப் போகின்றன. ஆகவே திருச்சி – சிதம்பரம் சாலை பெரும்பாலும் கொள்ளிடத்துக்கு இணையாக, அதன் வடபுறத்து மேட்டு நிலத்தில் செல்கிறது. விருத்தாசலம் – மதனத்தூர் சாலையோ ஆறுகளுக்குக் குறுக்கே செல்கிறது.

இந்த ஒரு வேறுபாடே இரண்டு சாலைகளின் வரலாற்றையும் தனித்தனியாக ஆக்கிவிட்டது. ஆற்றோடு போகும் சாலைக்கு மாட்டு வண்டி போகும் தடம் இருந்தாலே ஓரளவு போதும். ஆற்றுக்குக் குறுக்கே போகும் சாலைக்குப் பாலம் வேண்டும். பாலத்துக்குப் பணமும் பொறியியலும் அரசின் முடிவும் வேண்டும். அவை வரும் வரை சாலை கரையிலேயே நின்றிருக்கும். மதனத்தூர் என்ற பெயர் சாலையின் கடைசியில் இருப்பதன் பொருள் இதுதான்.

கொள்ளிடம் ஏன் இவ்வளவு பெரிய தடை?

காவிரி முக்கொம்பில் இரண்டாகப் பிரிகிறது. பாசனத்துக்கான நீர் காவிரியில் செல்ல, வெள்ள நீரின் பெரும்பகுதியைச் சுமப்பது கொள்ளிடம். அதனால்தான் ஆண்டின் பல மாதங்களில் அது பரந்த மணல்வெளியாகக் கிடக்கிறது. மேட்டூர் நிரம்பி உபரி நீர் திறக்கப்படும் காலத்தில் கரைக்குக் கரை தண்ணீராகப் போகிறது. நீர் குறைவாக இருக்கும்போதும் அகலம் குறைவதில்லை. அந்த அகலம் முழுவதற்கும் பாலம் கட்டியாக வேண்டும். 2018 ஆகஸ்டில் வந்த வெள்ளத்தில் முக்கொம்பு மேலணையின் மதகுகள் உடைந்ததும், திருச்சியில் கொள்ளிடத்தின் பழைய இரும்புப் பாலத்தின் ஒரு பகுதி விழுந்ததும் மேல்வகுப்புப் பிள்ளைகளுக்கு நினைவிருக்கலாம். இத்தகைய ஆற்றில் பாலம் கட்டுவது எளிதல்ல என்பதற்கு அது சான்று.

பாலம் இல்லாத காலத்தில் கோடையில் மணலில் நடந்தும், தண்ணீர் வந்தால் படகிலும்தான் ஆற்றைக் கடக்க வேண்டும். வண்டியோடு போக வேண்டியவர்கள் சுற்றிப் போக வேண்டும். கிழக்கே அணைக்கரை, மேற்கே திருமானூர்ப் பாலம். கண்ணுக்கு எதிரே தெரியும் அக்கரைக்குப் போக இத்தனை கிலோமீட்டர் சுற்று! வரைபடத்தில் நூலை வைத்து அளந்து, அளவுகோலைக் கொண்டு கணக்கிட்டால், பிள்ளைகள் அந்தச் சுற்றைத் தாங்களே கண்டுபிடிப்பார்கள்.

இந்த நூற்றாண்டில் மதனத்தூருக்கும் நீலத்தநல்லூருக்கும் இடையே உயர்மட்டப் பாலம் கட்டப்பட்ட பிறகு நிலைமை மாறியது. சாலையின் பெயர் இன்னும் மதனத்தூரில்தான் முடிகிறது, பயணம் அங்கே முடிவதில்லை.

அணைக்கரையும் கோயில் மதிலும்

கிழக்கே இருக்கும் அணைக்கரையின் கதையைச் சொல்லாமல் இந்தச் சாலையின் கதை முழுமை பெறாது. கொள்ளிடத்தின் குறுக்கே 1836-இல் ஆர்தர் காட்டன் கீழணையைக் கட்டினார். அங்கிருந்து வடவாறு வழியாக வீராணம் ஏரிக்கு நீர் போகிறது. அணையை ஒட்டிய குறுகிய பாலமே நெடுங்காலம் வட மாவட்டங்களிலிருந்து கும்பகோணம் செல்லும் வண்டிகளுக்கு வழி. விக்கிரவாண்டி – கும்பகோணம் – தஞ்சாவூர் நெடுஞ்சாலையும் அணைக்கரை வழியாகத்தான் ஆற்றைக் கடந்தது.

கீழணைக்குக் கல் எங்கிருந்து வந்தது? அருகில் இருந்த கங்கைகொண்ட சோழபுரம் கோயிலின் சுற்று மதிலைப் பிரித்து எடுத்த கற்கள் அணைக்குப் பயன்பட்டன. 1855-இல் அச்சான குறிப்பு ஒன்று இதைப் பதிவு செய்கிறது. ஊர் மக்கள் தடுத்துப் பார்த்தார்கள் என்றும், கல் மதிலுக்கு மாற்றாகச் செங்கல் மதில் கட்டித் தருவதாகச் சொன்னது சரியாக நிறைவேறவில்லை என்றும் அதில் உள்ளது.

உயர்நிலை வகுப்பில் இதை ஒரு விவாதமாகவே நடத்தலாம். பல்லாயிரம் ஏக்கர் நிலத்துக்குப் பாசனம் தந்த அணை ஒரு பக்கம். எட்டு நூற்றாண்டு பழைய மதில் மறுபக்கம். அன்று முடிவெடுத்தவர் யார்? யாரைக் கேட்டு எடுத்தார்? இன்று அதே நிலை வந்தால் எந்தச் சட்டம் குறுக்கே நிற்கும்? அந்தக் கோயில் 2004-இல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியச் சின்னங்களில் சேர்க்கப்பட்டது என்பதையும் சேர்த்துச் சொன்னால், ‘பாதுகாக்கப்பட்ட சின்னம்’ என்ற பாடநூல் சொல்லுக்கு உயிர் வரும்.

சோழர் காலத்து வடக்கு – தெற்கு

முதலாம் இராசேந்திரன் 1014 முதல் 1044 வரை ஆண்டவர். கங்கை வரை சென்ற படையெடுப்புக்குப் பின் தஞ்சையிலிருந்து தலைநகரைக் கொள்ளிடத்துக்கு வடக்கே மாற்றினார். புதிய தலைநகருக்கு மேற்கே வெட்டப்பட்ட சோழகங்கம் என்ற பேரேரியை இன்று பொன்னேரி என்கிறோம். சோழர்களின் மற்றொரு அரண்மனை நகரமான பழையாறை கும்பகோணத்தின் அருகில் இருந்தது. தலைநகர் வடகரையில், பழைய அரண்மனையும் வளமான நெல் வயல்களும் தென்கரையில். அப்படியானால் கொள்ளிடத்தைக் கடப்பது அன்றும் அன்றாடத் தேவையாகத்தான் இருந்திருக்கும்.

இதைச் சொல்லும்போது ஓர் எச்சரிக்கை வேண்டும். இன்றைய மாநில நெடுஞ்சாலையே அன்றைய சோழர் சாலை என்று சொல்லிவிடக் கூடாது. அதற்குக் கல்வெட்டோ அகழாய்வோ சான்று தர வேண்டும். தேவை அன்றும் இருந்தது என்பது வேறு, இதே தடம்தான் என்பது வேறு. இந்த வேறுபாட்டைப் பிள்ளைகளுக்குப் புரியவைப்பதே வரலாற்றுப் பாடத்தின் பாதி வேலை.

ஊர்ப் பெயர்களை எடுத்துக்கொள்ளுங்கள். கங்கைகொண்ட சோழபுரத்தைச் சுற்றி உட்கோட்டை, மாளிகைமேடு, மெய்க்காவல்புத்தூர், ஆயுதகளம், வாணதிரையன்பட்டினம், கடாரங்கொண்டான் என்று ஊர்கள் உள்ளன. ஒவ்வொன்றுக்கும் ஊரில் ஒரு விளக்கம் சொல்வார்கள். அரசரின் மெய்க்காவலர் குடியிருந்த இடம், ஆயுதம் வைத்திருந்த இடம் என்பார்கள். பிள்ளைகள் அவற்றைத் தொகுத்து வரட்டும். பிறகு மூன்று பத்திகள் போட்டு அட்டவணையாக எழுதட்டும்: ஊரின் பெயர், ஊரார் சொல்வது, அதற்குக் கிடைக்கும் சான்று. மாளிகைமேட்டுக்கு நேரே மூன்றாம் பத்தி நிரம்பும். அங்கே தொல்லியல் துறை அகழ்ந்து செங்கல் கட்டுமானங்களைக் கண்டெடுத்திருக்கிறது. சில ஊர்களுக்கு அந்தப் பத்தி காலியாகவே இருக்கும். காலியாக விடுவதில் தவறில்லை என்று பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டியது நம் பொறுப்பு.

சமஸ்தானமும் ரயிலும்

ஜெயங்கொண்டத்துக்குச் சற்று மேற்கே உள்ள உடையார்பாளையம் ஒரு பாளையத்தின் தலைநகராக இருந்து ஜமீனானது. அதன் அவையில் இசை வித்துவானாக விளங்கியவர் கனம் கிருஷ்ணையர். அவரிடம் இசை கற்றவர் வேங்கடசுப்பையர். வேங்கடசுப்பையரின் மகன்தான் 1855-இல் பிறந்த தமிழ்த் தாத்தா உ.வே.சாமிநாதையர். பிறந்த உத்தமதானபுரம் பாபநாசத்தின் அருகில், கொள்ளிடத்துக்குத் தெற்கே. இளமையில் அரியலூர், குன்னம் என்று வடகரை ஊர்களில் குடும்பம் இடம் மாறி மாறி வாழ்ந்தது. ‘என் சரித்திரம்’ படித்த தமிழாசிரியர்கள் அந்த இடப்பெயர்வுகளை வரைபடத்தில் புள்ளியிட்டுக் காட்டினால், ஆற்றின் இரு கரைகளையும் கலையும் கல்வியும் எப்படி இணைத்தன என்பது தெரியும்.

ரயில் வந்தபோது ஜெயங்கொண்டம் நடுவில் விடுபட்டது. பழைய மெயின் லைன் தென்கரையில் கும்பகோணம், மயிலாடுதுறை, சிதம்பரம் வழியே போனது. 1920-களின் இறுதியில் வந்த கார்டு லைன் விருத்தாசலம், அரியலூர் வழியே போனது. இரண்டுக்கும் இடையில் இருக்கும் ஜெயங்கொண்டத்துக்கு ரயில் நிலையம் இல்லை. இப்போது நம் சாலையை மறுபடியும் பாருங்கள். அதன் வடமுனை கார்டு லைனில் உள்ள விருத்தாசலம் சந்திப்பு. தெற்கே ஆற்றைக் கடந்தால் மெயின் லைனில் உள்ள கும்பகோணம். ரயில் இல்லாத ஊரை இரண்டு ரயில் பாதைகளோடும் இணைக்கும் வேலையை இந்தச் சாலைதான் செய்கிறது.

நிர்வாக எல்லைகளிலும் ஆற்றின் கை உண்டு. கொள்ளிடத்துக்குத் தெற்கே தஞ்சாவூர் மாவட்டம், வடக்கே திருச்சிராப்பள்ளி மாவட்டம் என்றுதான் நெடுங்காலம் இருந்தது. 1995-இல் பெரம்பலூர் மாவட்டம் பிரிந்தது. 2001-இல் அரியலூர் தனி மாவட்டமாகி, மறு ஆண்டே பெரம்பலூரோடு சேர்க்கப்பட்டு, 2007-இல் மீண்டும் தனி மாவட்டமானது. மாவட்டத் தலைநகரம் திருச்சி, பெரம்பலூர், அரியலூர் என்று மாறினாலும், ஆற்றோரத்து மக்களுக்குப் பக்கத்துப் பெருநகரம் கும்பகோணம்தான். அலுவலகத்துக்கு ஒரு திசை, அங்காடிக்கும் மருத்துவமனைக்கும் கல்லூரிக்கும் வேறு திசை. பாலம் வந்ததன் பயனை இந்தப் பின்னணியில் வைத்துப் பார்க்க வேண்டும்.

சாலைகளை யார் வகைப்படுத்தினார்கள்?

1943-இல் நாகபுரியில் கூடிய தலைமைப் பொறியாளர்கள் நாட்டின் சாலைகளைத் தேசிய நெடுஞ்சாலை, மாநில (அன்றைய மாகாண) நெடுஞ்சாலை, மாவட்டச் சாலைகள், கிராமச் சாலைகள் என்று வகைப்படுத்தும் திட்டத்தைத் தந்தார்கள். வேளாண்மை செழித்த பகுதிகளில் எந்தக் கிராமமும் முக்கியச் சாலையிலிருந்து ஐந்து மைலுக்கு அப்பால் இருக்கக் கூடாது என்பது அந்தத் திட்டத்தின் இலக்குகளில் ஒன்று. சென்னை மாகாணத்தில் நெடுஞ்சாலைகளுக்கென்று தனித் துறை 1946-இல் ஏற்பட்டது. இன்று நாம் பேசும் மாநில நெடுஞ்சாலை, மாவட்ட முக்கிய சாலை, மாவட்ட இதர சாலை என்ற பெயர்கள் எல்லாம் இந்த வழியில் வந்தவை.

எண்களிலும் செய்தி உண்டு. 2010-இல் தேசிய நெடுஞ்சாலைகளுக்குப் புதிய எண்கள் தரப்பட்டபோது, வடக்கு – தெற்காகச் செல்பவற்றுக்கு இரட்டைப்படை எண்ணும், கிழக்கு – மேற்காகச் செல்பவற்றுக்கு ஒற்றைப்படை எண்ணும் என்று விதி வகுக்கப்பட்டது. திருச்சி – சிதம்பரம் பகுதியை உள்ளடக்கிய சாலை 81. விக்கிரவாண்டியிலிருந்து தெற்கே இறங்கும் சாலை 36. ஏன் என்று பிள்ளைகள் சொல்லிவிடுவார்கள். இரண்டும் மீன்சுருட்டியில் சந்திக்கின்றன.

சாலையோரக் கல்லும் சொல்லும். தலைப்பகுதி மஞ்சளாக இருந்தால் தேசிய நெடுஞ்சாலை, பச்சையாக இருந்தால் மாநில நெடுஞ்சாலை. கிலோமீட்டர் கற்களுக்கு இடையே 2, 4, 6, 8 என்று எழுதிய சிறு கற்கள் 200 மீட்டருக்கு ஒன்றாக நிற்கும். ஐந்தாவது கிலோமீட்டர்தோறும் நிற்கும் கல் மற்றவற்றைவிடப் பெரிது. தருமபுரிப் பகுதியில் கிடைத்த அதியமான் பெருவழிக் கல்லில் 29 காதம் என்ற தொலைவு தமிழ் எண்ணாலும், எழுத்தறியாதவரும் விரலால் தொட்டு அறியும் சிறு பெரு குழிகளாலும் குறிக்கப்பட்டிருக்கிறது. பல நூற்றாண்டுக்கு முந்தைய அந்தக் கல்லும் நம் பச்சைத் தலைக் கல்லும் செய்யும் வேலை ஒன்றே.

வகுப்பறையில் செய்யக்கூடியவை

தொடக்க வகுப்புகள்: பள்ளி வளாகத்துக்குள்ளேயே 20 மீட்டர் கயிற்றால் அளந்து, அத்தனை தூரத்துக்கு எத்தனை அடி வைக்கிறோம் என்று எண்ணட்டும். பத்தால் பெருக்கினால் இரண்டு சிறு கற்களுக்கு இடையிலான 200 மீட்டர். இன்னும் ஐந்தால் பெருக்கினால் ஒரு கிலோமீட்டர். வீட்டில் தாத்தா பாட்டி ‘மைல்’ என்று சொல்லும் தூரங்களைக் கேட்டு வந்து ஒப்பிடட்டும்.

நடுநிலை வகுப்புகள்: விருத்தாசலம் முதல் கும்பகோணம் வரை ஒரு நீண்ட தாளில் பட்டை வரைபடம். ஒரு பக்கம் ஊர்கள், மறுபக்கம் மண்ணும் பயிரும். ஆண்டிமடம், ஜெயங்கொண்டம் பக்கம் செம்மண்ணில் முந்திரி. தா.பழூரை நெருங்கும்போது வாய்க்கால் பாசனமும் நெல்லும். மண் எந்த ஊரருகே மாறுகிறது என்பதைப் பேருந்தில் வரும் பிள்ளைகளே கண்டு சொல்லட்டும். சாலையின் எண்ணையும் கல்லிலிருந்து அவர்களே படித்து வரட்டும்.

உயர்நிலை வகுப்புகள்: பாலத்துக்கு முன், பாலத்துக்குப் பின் என்ற தலைப்பில் பெரியவர்களிடம் வாய்மொழி வரலாறு. பிரசவத்துக்கு எங்கே போனார்கள்? நெல்லை எங்கே விற்றார்கள்? பெண் கொடுத்தது, எடுத்தது எந்தக் கரையில்? பாலம் வந்ததால் வேலை இழந்தவர் உண்டா? பயன் பெற்றவர்களை மட்டும் கேட்டுவிட்டு வரக் கூடாது என்பதை முன்பே சொல்லிவிடுங்கள். படகு ஓட்டியவர், கரையில் கடை வைத்திருந்தவர் போன்றோரின் சொல்லும் குறிப்பேட்டில் இருக்க வேண்டும். பெயர், வயது போன்ற விவரங்களை அனுமதி பெற்றே எழுத வேண்டும்.

ஒன்றை மறக்க வேண்டாம். ஆறு தடையாக இருந்தவரை கரையோர ஊர்களில் வண்டிகள் குறைவு. பாலம் வந்த பிறகு அதே தெருவில் வெளியூர் வண்டிகளும் வேகமாகப் போகின்றன. ஆகவே சாலையைப் பற்றிய பாடம் சாலைப் பாதுகாப்பையும் சேர்த்தே இருக்க வேண்டும். பள்ளி அருகே எந்த இடத்தில் கடப்பது பாதுகாப்பு, எங்கே வேகத்தடையும் எச்சரிக்கைப் பலகையும் தேவை என்று பிள்ளைகள் ஒரு வரைபடம் தயாரித்து, பள்ளி மேலாண்மைக் குழுவின் வழியாக ஊராட்சிக்கும் நெடுஞ்சாலைத் துறைக்கும் மனுவாகத் தரலாம். அளவீடுகளைப் பள்ளி வளாகத்துக்குள் செய்யுங்கள். சாலையோரம் செல்ல நேர்ந்தால் தலைமையாசிரியரின் அனுமதியோடு, சிறு குழுக்களாக, போதிய ஆசிரியர் துணையோடு மட்டுமே செல்ல வேண்டும்.

பாடநூலில் வரும் தங்க நாற்கரச் சாலையைப் பெரும்பாலான பிள்ளைகள் பார்த்திருக்க மாட்டார்கள். தங்கள் ஊர்ச் சாலை எந்த ஆற்றோடு போகிறது, எந்த ஆற்றைக் கடக்கிறது, எங்கே நின்றது, எப்போது தாண்டியது என்று ஒரு முறை படித்துவிட்டால், பாடநூலில் உள்ள எந்தச் சாலையையும் அதே கேள்விகளால் அவர்களே படித்துக்கொள்வார்கள்.